தோற்றால் வருவாள்

அழகம்மாவின் இடது கை பட்டையைத் தடவிப் பார்த்தது. வலது கை நேற்றைய வெட்டில் காய்ந்து கிடந்த ஒட்டுப்பாலை நாடாவாக உரித்துக் கூடையில் போட்டது. பிறகு கத்தி. மேலிருந்து சரிவாக ஒரே இழுப்பு. ஆழம் கூடினால் மரம் புண்ணாகும், குறைந்தால் பால் வராது. வெள்ளைக் கோடு கசிந்து தகரப் பீலிக்கு வந்ததும் சிரட்டையை நிமிர்த்தி வைத்துவிட்டு அடுத்த மரத்துக்குப் போனாள். வெயில் ஏறுவதற்குள் இருநூற்றைம்பது மரம். தெரணியகலைக்கு மேலே இருந்த அந்த றப்பர் தோட்டத்தில் இருபத்தாறு வருடமாக அவள் செய்த வேலை இது.

வெற்றிலையை வலது கன்னத்தில்தான் அடக்கியிருந்தாள். இடது பக்கம் நாக்கின் ஓரத்தில் ஒரு புண். ஆடியில் வந்தது, புரட்டாசி வந்தும் ஆறவில்லை. 2002ஆம் ஆண்டு அது.

அதே ஆடி மாதத்தில்தான் இங்கிலாந்திலிருந்து கடிதமும் வந்தது. வேலைக்குப் போகிறவர்கள் குழந்தைகளை விடும் தோட்டத்துப் பிள்ளைக் காம்பராவைப் பார்த்துக்கொள்ளும் விஜயகலாவுக்கு இங்கிலீசு தெரியும். வரிசை வீடுகளான லயத்தின் வாசலில் வைத்து அவள்தான் வாசித்துச் சொன்னாள். எழுதியவள் பெயர் ஷாமிளா. வயது பதினெட்டு. பிறப்புச் சான்றிதழில் இருந்த தோட்டத்தின் பெயரை வைத்துத் தேடியிருக்கிறாள். வளர்த்தவர்கள் நல்லவர்கள், பெயரைக்கூட மாற்றவில்லை என்று எழுதியிருந்தாள். கடைசியில் ஒரே ஒரு கேள்வி: என்னை உங்களிடமிருந்து எடுத்துக்கொண்டார்களா, நீங்கள் கொடுத்தீர்களா?

"என்னக்கா எழுதட்டும்?" என்று விஜயகலா கேட்டாள்.

"வரச் சொல்லுங்க டீச்சர்."

"கேட்டதுக்குப் பதில்?"

"அத அவகிட்ட நான் சொல்லிக்கிறேன். என் வாயால."

விஜயகலா அப்படியே எழுதினாள். பலரும் ஒரு கதையை முடிவு செய்து வைத்திருந்தார்கள். அந்தக் காலத்தில் வான் வண்டி போட்டு வந்து, ஏழைகளை ஏமாற்றி, பிள்ளைகளைக் கொண்டுபோய் விற்ற கும்பல்கள் இருந்தன என்பது ஊரறிந்தது. அழகம்மாவும் அப்படி ஏமாந்தவள்தான் என்று லயம் பேசிக்கொண்டது. அவள் மறுக்கவும் இல்லை, ஆமோதிக்கவும் இல்லை.

நடந்தது வேறு. 1984இல் அடைமழை இரண்டு மாதம் நின்று பெய்தது. பட்டை நனைந்தால் பால் வெட்டு இல்லை, வெட்டு இல்லாவிட்டால் பேர் இல்லை, அன்றைய கூலியும் இல்லை. மூத்த பையன்கள் இரண்டு பேருக்கும் பசியில் கால் வீங்கியிருந்தது. பிறந்து பதினொரு நாளான பெண் குழந்தை மார்பைச் சப்பிச் சப்பி, ஒன்றும் வராமல், அழவும் தெம்பில்லாமல் கிடந்தது. புருஷன் மூக்கையா ஒரு சிங்கள நோனாவைக் கூட்டி வந்தான். நோனா ஒன்றையும் மறைக்கவில்லை. வெளிநாடு போகும், திரும்பி வராது என்று தெளிவாகச் சொன்னாள். அழகம்மாவுக்குச் சிங்களம் நன்றாக விளங்கும். பெருவிரல் அடையாளம் வைத்தாள். குழந்தையை வேறு யாரிடமும் கொடுக்காமல் தானே தூக்கிக்கொண்டு பாதை வரைக்கும் நடந்து வானுக்குள் நீட்டினாள். மறு கிழமை மூக்கையா ஒரு ரேடியோவோடு வந்தான். எங்கிருந்து என்று அவள் கேட்கவில்லை. மூக்கையா கசிப்புக் குடித்துச் செத்து ஆறு வருடமாகிறது. பையன்கள் கொழும்பில் கடைகளில் வேலை, தீபாவளிக்கு வருவார்கள். ரேடியோ பாடாமல் போய்ப் பத்து வருடம். அவள் அதை எறியவில்லை.

இவ்வளவையும் மகளின் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும். மழையைச் சொல்லி, மார்பைச் சொல்லி, ரேடியோவையும் சொல்ல வேண்டும். எதையும் விடக் கூடாது. டெலிபோனில் சொல்ல முடியாது.

புரட்டாசிக் கடைசியில் தெரணியகலை பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் டெலிபோன், பெக்ஸ் எடுக்கும் கொமியூனிகேஷன் வைத்திருந்த தாஸிம் முதலாளியின் கடைக்கு ஷாமிளா பெக்ஸ் அனுப்பினாள். தான் ஒரு சின்ன ஊர்ப் பெண்கள் உதைபந்தாட்ட அணியின் கோல் காப்பாளர் என்று எழுதியிருந்தாள். நாடு முழுவதுக்குமான பெண்கள் கிண்ணப் போட்டி தொடங்கிவிட்டது. ஒருமுறை தோற்றால் வெளியே. அணியில் இன்னொரு கோல் காப்பாளர் இருக்கிறாள், ஆனால் இதே கிண்ணத்தில் வேறு அணிக்கு ஒரு ஆட்டம் ஆடிவிட்டு வந்தவள், சட்டப்படி நிற்க முடியாது. அதனால் தோற்கும் வரைக்கும் ஊரை விட்டு நகர முடியாது. 'கவலை வேண்டாம், மூன்றாம் சுற்றை நாங்கள் தாண்டியதே இல்லை. கார்த்திகைக்குள் தோற்றுவிடுவோம். தோற்ற அடுத்த கிழமை விமானம் ஏறுவேன்.'

கூட ஒரு படம். கறுப்புக் கால்சட்டை, பச்சைச் சட்டை, கைகளில் பெரிய உறை. பெக்ஸில் முகம் கரியாகத்தான் விழுந்திருந்தது.

"கையப் பாருங்க, துரைமார் வீட்டுப் பூனை மாதிரி," என்றார் தாஸிம்.

"மொதலாளி, கார்த்திக முடிய இன்னும் எத்தன நாளு?"

"அறுவது நாள் இரிக்கும். இது என்ன வாய், ஒரு பக்கமா பேசுறீங்க?"

"வெத்தல சுட்டிருச்சு."

விஜயகலா விடவில்லை. அந்தக் கிழமையே பிள்ளைக் காம்பரா டோர்ச் லைட்டை அடித்து வாயைப் பார்த்தாள். ஓரம் தடித்து, நடுவே குழிந்து, தொட்டால் இரத்தம் வந்தது. மறுநாள் பஸ் ஏற்றிக் கொண்டுபோனாள். ஒரு ஆஸ்பத்திரியிலிருந்து இன்னொன்று, அங்கிருந்து கொழும்புப் பக்கம். சதைத் துணுக்கு வெட்டிப் பார்த்து, டொக்டர் சிங்களத்தில் சொன்னார்: நாக்கில் பாதிக்கு மேல் எடுக்க வேண்டும், கழுத்திலும் ஒரு கட்டி. கார்த்திகை பத்தாம் திகதி கட்டில் தருகிறேன்.

"பேச்சு வருமா மாத்தயா?" என்று அவளும் சிங்களத்தில் கேட்டாள்.

"உயிர் இருக்கும்."

"பேச்சு?"

"மற்றவங்களுக்கு விளங்கிற மாதிரி வராது."

அழகம்மா திகதி எழுதிய துண்டை வாங்கி மடித்து இடுப்பில் செருகினாள். பஸ்ஸில் வரும்போது, மகள் வந்து போனதும் வெட்டிக்கொள்கிறேன் என்றாள்.

"புத்தி இருக்கா உங்களுக்கு? வருத்தம் காத்துக்கிட்டு இருக்குமா?" விஜயகலாவுக்குக் கோபம் வந்தால் குரல் இறங்கும். "நான் நாளைக்கே எழுதுறேன், அம்மாவுக்குச் சொகமில்ல, உடனே வான்னு."

"எழுதினா சத்தியமா ஒங்க மொகத்துல முழிக்க மாட்டேன். நோயாளியப் பாக்க வாறவ கேள்வி கேக்க மாட்டா டீச்சர். பாவம்னு பாத்துட்டுப் போயிருவா. மருந்துக்குக் காசு புடுங்கக் கூப்புட்டதா நெனச்சாலும் நெனப்பா. அவ கேள்வியோட வரணும்."

"தோக்குற வரைக்கும் காத்திருக்கப் போறீங்க."

"கார்த்திகைக்குள்ள தோக்குறேன்னுதானே எழுதியிருக்கா."

ஐப்பசியில் வென்றார்கள். கார்த்திகையில் வென்றார்கள். கார்த்திகை பத்தும் போனது. டொக்டர் திட்டிவிட்டுத் தையில் இன்னொரு திகதி போட்டார். 'நம்பவே முடியவில்லை,' என்று ஷாமிளா எழுதினாள். 'அடுத்தது பெரிய அணி. கட்டாயம் தோற்போம். டிக்கெட் விலை பார்த்து வைத்திருக்கிறேன்.'

மார்கழியில் அழகம்மா தேங்காயும் சூடமும் எடுத்துக்கொண்டு மாரியம்மன் கோயிலுக்குப் போனாள். பூசை செய்பவர் நல்லையா.

"யாரு பேருக்கு அர்ச்சனை?"

"ஷாமிளா. அவிட்ட நட்சத்திரம்."

"அட, அந்தப் பந்தடிக்கிற புள்ளையா. ஜெயிக்கணும்னா?"

"தோக்கணும்னு."

நல்லையா கற்பூரத் தட்டைக் கீழே வைத்தார். "முப்பது வருசமா மணி ஆட்டுறேன் அழகம்மா. பெத்த மக தோக்கணும்னு ஒருத்தரும் வந்ததில்ல. வேணும்னா மத்தக் கட்சிக்காரிங்க பேருல பண்ணுவோம். பேரு நட்சத்திரம் சொல்லு."

"வெள்ளக்காரப் பொண்ணுங்க பதினொரு பேரு. நட்சத்திரத்துக்கு நான் எங்க போவேன்?"

"அப்ப ஆத்தாவுக்கு யாருன்னு எப்படித் தெரியும்?"

"வெள்ளையா இருக்கவளுக்கெல்லாம்னு சொல்லுங்க."

"ஒன் மக கட்சியிலயும் பத்துப் பேரு வெள்ளைதானே."

இருவரும் சிரித்தார்கள். சிரித்ததில் அவளுக்கு வாயிலிருந்து இரத்தம் வந்தது. நல்லையா அதைப் பார்த்துவிட்டு, ஷாமிளா பெயருக்கே அர்ச்சனை செய்தார். என்ன வேண்டினார் என்று அவளுக்குக் கேட்கவில்லை.

அந்த ஆட்டம் சமநிலையில் முடிந்து பெனல்டிக்குப் போயிற்று. ஷாமிளா இரண்டு உதையைத் தடுத்தாள். தாஸிம் கடையில் விஜயகலா வாசிக்க வாசிக்க அழகம்மா தலையில் கை வைத்து உட்கார்ந்தாள்.

"அந்தப் புள்ள ஏன் இப்படிப் புடிக்குது," என்றாள். அவள் சொன்னது தாஸிமுக்கு விளங்கவில்லை, விஜயகலா திருப்பிச் சொல்ல வேண்டியிருந்தது. அதை அழகம்மாவும் கவனித்தாள்.

தைத் திகதிக்கும் அவள் போகவில்லை. மாசியில் அடுத்த சுற்று. தரை உறைந்துவிட்டதாம், ஆட்டம் தள்ளிவைத்தார்கள். மறு கிழமை மழை, திரும்பவும் தள்ளினார்கள். இது ஒன்று மட்டும் அவளுக்கு யாரும் விளக்காமலே புரிந்தது. ஈரமென்றால் வெட்டில்லை. மூன்றாவது கிழமை ஆடி, ஒன்றுக்குப் பூச்சியம் என்று வென்றார்கள்.

அப்போது அவள் பால் வெட்ட மலைக்குப் போவதை நிறுத்தியிருந்தாள். கத்தியைக் கங்காணியிடம் ஒப்படைத்தாயிற்று. கஞ்சியைத் தவிர ஒன்றும் இறங்கவில்லை. விஜயகலா கடைசியாக அவளை இழுத்துக்கொண்டு போனபோது டொக்டர் திட்டவில்லை. அதுதான் விஜயகலாவுக்குப் பயமாக இருந்தது. வெட்டும் காலம் போய்விட்டது என்றார். மூக்கு வழியாகக் குழாய் போட்டு, எப்படி ஊற்றுவது என்று காட்டிக்கொடுத்து, வலிக்கு மருந்து எழுதி அனுப்பினார்.

நாக்கை வெட்டவில்லை. அது வாய்க்குள்தான் இருந்தது. அசையவில்லை, அவ்வளவுதான்.

பஸ்ஸால் இறங்கியதும் விஜயகலா அவளைக் கேட்காமல் தாஸிம் கடைக்குப் போய், அம்மாவுக்குச் சுகமில்லை என்று இரண்டு வரி எழுதி அனுப்பினாள். ஆனால் அதற்கு முன்பே ஷாமிளாவின் பெக்ஸ் ஒன்று வந்து கிடந்ததைத் தாஸிம் பிறகுதான் எடுத்துக் காட்டினார். கால் இறுதியில் நான்குக்குப் பூச்சியம். தோற்றுவிட்டோம், முதலாவது கோல் என் பிழை, வருகிற வியாழக்கிழமை வருகிறேன்.

வியாழன் பின்னேரம் வான் லயத்தடிக்கு வந்தது. உயரமான பெண், மூக்கையாவின் நெற்றி. லயமே வெளியே நின்றது. ஷாமிளா யாரையும் பார்க்காமல் குனிந்து அழகம்மாவின் லயக் காம்பராவுக்குள் வந்தாள். அழகம்மா தலைமாட்டில் இரண்டு சாக்கை மடித்துச் சாய்ந்திருந்தாள். முகத்தில் குழாய், கழுத்தில் கட்டி, ஒரு வாடை. அந்த வாடையைப் பெண் பொறுத்துக்கொண்டதை விஜயகலா பார்த்தாள். ஷாமிளா பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்தாள். பிறகு அவள் இங்கிலீசில் கேட்டாள். விஜயகலா தமிழில் சொன்னாள்.

"அக்கா, அதே கேள்விதான் கேக்குறா."

அழகம்மா வாயைத் திறந்தாள். வந்தது ஒரு சத்தம். மழை என்றுதான் சொன்னாள். திரும்பவும் சொன்னாள். எச்சில் வழிந்தது. விஜயகலா துடைத்தாள், துடைத்துவிட்டு, தானே ஷாமிளாவின் பக்கம் திரும்பி மூன்று நான்கு வார்த்தை இங்கிலீசில் சொன்னாள். வான், நோனா, கடதாசி என்று கையால் காட்டிச் சொன்னதில், ஏமாற்றி எடுத்துப்போனார்கள் என்று சொல்கிறாள் என்பது அழகம்மாவுக்கு விளங்கிவிட்டது. பெண்ணின் முகம் இளகியது.

அழகம்மா தலையை ஆட்டினாள். இல்லை.

"பேசாம இருங்கக்கா," என்றாள் விஜயகலா மெதுவாக. "இதோட இருக்கட்டும்."

அவள் திரும்பவும் ஆட்டினாள். எழும்பப் பார்த்து முடியாமல், சுவர்த் தட்டைக் காட்டினாள். விஜயகலா அசையவில்லை. ஷாமிளா எழுந்து, கைகாட்டிய இடத்தில் தேடி, பழைய சீலைத் துண்டில் சுற்றியிருந்த ரேடியோவை எடுத்து வந்தாள். அழகம்மா அதை வாங்கித் தன் மடியில் வைத்தாள். ஷாமிளாவின் நெஞ்சைத் தொட்டாள். ரேடியோவைத் தொட்டாள். தன் பெருவிரலைத் தூக்கிக் காட்டி, அதைப் பாயில் அழுத்தினாள். பிறகு இரண்டு கைகளையும் சேர்த்து, எதையோ ஏந்தியிருப்பதைப் போல் முன்னே நீட்டினாள்.

மழைக்கு ஒரு சைகை தேடினாள். விரல்களை மேலிருந்து கீழே இறக்கினாள். அது மழையாகவும் இருக்கலாம், கண்ணீராகவும் இருக்கலாம். வற்றிப்போன மார்பைக் கையால் காட்டியதை, வலி என்று எண்ணி விஜயகலா மருந்தை எடுத்தாள்.

ஷாமிளா ரேடியோவைப் பார்த்துக்கொண்டு இருந்தாள். பிறகு விஜயகலாவிடம், இதற்காகவா என்று மட்டும் கேட்டாள். விஜயகலா மருந்துப் போத்தலின் மூடியைத் திருகினாள். பெண் எழுந்து வெளியே போனாள். வான் கதவு மூடும் சத்தம் கேட்டது. சந்தியைத் தாண்டி இறக்கத்தில் வானின் சத்தம் தேய்ந்து போனது.

"ஏன்கா இப்படிச் செஞ்சீங்க," என்றாள் விஜயகலா. வலி மருந்தைக் குழாயில் விட்டாள். அழகம்மா சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தாள்.

மறுநாள் காலை ஏழு மணிக்கு விஜயகலா கஞ்சியை வடிகட்டிப் பால்மா கலந்து கொண்டுவந்தபோது, ஷாமிளா வாசல் கல்லில் உட்கார்ந்திருந்தாள். நகரத்திலிருந்து ஓட்டோ பிடித்து வந்திருக்கிறாள். கண் வீங்கியிருந்தது. அம்மா என்றோ, மன்னித்தேன் என்றோ ஒன்றும் சொல்லவில்லை. கையை நீட்டிக் கஞ்சிச் சட்டியைக் கேட்டாள்.

விஜயகலா சவர்க்காரத்தைக் கொடுத்தாள். அவள் முழங்கை வரைக்கும் கழுவினாள். நோயாளியின் தலையை எப்படி உயர்த்துவது, குழாய் இடம் மாறவில்லை என்று எப்படிப் பார்ப்பது, ஊசிக்குழலை எந்த உயரத்தில் பிடிப்பது என்று விஜயகலா ஒருமுறை காட்டினாள். இரண்டாம் முறை காட்டத் தேவைப்படவில்லை. பெரிய கை, நடுங்காத கை. அழகம்மா கண்ணைத் திறந்து அந்தக் கையையே பார்த்துக்கொண்டு கிடந்தாள். இருநூறு மில்லி கஞ்சி இறங்கப் பதினைந்து நிமிடம் ஆனது. பிறகு ஷாமிளா கொஞ்சம் ஆறிய வெந்நீரை விட்டுக் குழாயைக் கழுவி, மூடியைப் போட்டாள்.