இடப்பக்கம் திரும்பினால் அலறும் கார்

சலூன்காரர் ஆசைப்பட்டு வாங்கிய முதல் புதுக் கார் அது. இடப்பக்கம் ஸ்டீயரிங்கை ஒடித்தால் போதும், ஹாரன் தானாக அலறும். வலப்பக்கம் திரும்பினால் பரமசாது.

சம்சாரத்துக்கு முதல் நாளே மானம் போயிற்று. "தெருவே எட்டிப் பாக்குது. இதைச் சரி பண்ற வரைக்கும் நான் ஏற மாட்டேன். நீங்களே ஜோரா போயிட்டு வாங்க!" என்று இறங்கிவிட்டாள். அவளைப் பக்கத்தில் உட்கார வைத்துப் போகத்தானே மனுஷன் காரே வாங்கினார்! காலி சீட்டோடு, வலப்பக்கமாகவே திரும்பித் திரும்பி, ஊரைச் சுற்றிக் கடைக்குப் போய் வந்தார்.

ஷோரூம் மேனேஜரிடம் எப்போது போனாலும் ஒரே பதில்: "பாத்துக்கலாம்ண்ணே." இவரும் வேலை முடிந்த மாதிரி குஷியாகத் திரும்புவார். இவரைப் பொறுத்தவரை 'பாத்துக்கலாம்' என்றால் 'நான் பொறுப்பு'. "மீசை கோணிடப் போகுது" என்று பயப்படுகிறவர்களிடம் இவர் சொல்வதும் அதேதான். கோணியதில்லை.

விஷயம் தெரிந்ததும் முடிவெட்ட வந்தவனெல்லாம் வக்கீலானான். உருப்படியாக உதவியவர் ரிட்டயர்டு குமாஸ்தா ஒருத்தர்தான். பாதி முகத்தில் நுரையோடு உட்கார்ந்து, நுகர்வோர் கோர்ட்டுக்குப் புகார் எழுதிக் கொடுத்தார். எழுதி முடிக்கும்வரை மறுபாதிக்கு ஷேவிங் கிடையாது. நம்ம ஆள் விவரமானவர்.

விசாரணையன்று மேனேஜர் நீதிபதியம்மாவிடம் குழைந்தார். "மேடம், பாத்துக்கலாம்னுதான் சொன்னேன். சரி பண்ணித் தரேன்னு சொல்லலையே. அப்புறமா பாக்கலாம்னுதானே அர்த்தம்?"

சலூன்காரருக்குத் தூக்கிவாரிப் போட்டது. "அம்மா, நான் கழுத்துல கத்தியை வெச்சுக்கிட்டுப் 'பாத்துக்கலாம்'னு சொல்றவன். அதுக்கு இப்படி ஒரு அர்த்தம் இருந்தா, எவன் எங்கிட்ட கழுத்தைக் குடுப்பான்?"

நீதிபதியம்மாவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "சரி வாங்க, இப்பவே பாத்துடலாம்" என்று கீழே இறங்கினார்.

சலூன்காரர் ஸ்டீயரிங்கை இடப்பக்கம் ஒடித்தார். கட்டடத்தின் ஜன்னல்களெல்லாம் திறந்துகொண்டன.

"சரி பண்ணுங்க, முடியலன்னா வேற வண்டி குடுங்க" என்றார் நீதிபதியம்மா. "இல்ல, தீர்ப்புலயும் 'பாத்துக்கலாம்'னே எழுதட்டுமா?"

"ஐயோ, வேணாம் மேடம்!" மேனேஜருக்கு வியர்த்துவிட்டது.

அந்த வாரமே ஹாரன் வாய் அடங்கியது. சம்சாரம் புதுப்புடவையில் ஜம்மென்று ஏறி உட்கார்ந்தாள். தெருமுனை. இடப்பக்கத் திருப்பம். சத்தமே இல்லை. சலூன்காரர் பெருமையோடு அவளைப் பார்த்தார்.

அவளோ சட்டென்று சாய்ந்து ஹாரனை ஓங்கி அமுக்கினாள்.

"ஏய், என்னடி பண்ற?"

"முனைவீட்டுக்காரி திரும்பியே பாக்கல. கொஞ்சம் மெதுவாத்தான் போங்களேன்!"