ஸ்கோர் எழுதியவன் சொல்லாமல் விட்டது

போன வாரம் ஆஸ்திரேலியாவிலிருந்து ஒரு இமெயில். எழுதியவள் எமிலி என்றொரு பெண். 'என் அப்பாவின் கிளப்புக்கு ஸ்கோர் எழுதிய நசீர் நீங்கள்தானா?'

நான்தான்.

அவள் அப்பா கிரஹாம், துபாயில் நான் வேலை பார்க்கும் கட்டுமானக் கம்பெனியில் ப்ராஜெக்ட் டைரக்டராக இருந்தவர். இரண்டு மாதம் முன்பு ஊரில் மாரடைப்பில் இறந்துபோனாராம். அவர் இங்கே ஆரம்பித்த ஃபுட்பால் கிளப்பின் வரலாற்றைச் சின்னப் புத்தகமாகப் போட்டு, பழைய ஆட்டக்காரர்களுக்கு அனுப்ப ஆசைப்படுகிறாள். விசாரித்தால் ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள். கடைசியில் யாரோ என் பெயரைச் சொல்லியிருக்கிறார்கள். ஆடாதவனைக் கேட்டால்தான் சரியாக வரும் என்று!

உண்மைதான். ஆறு சீசன், ஆறு நோட்டு. தேராவில் என் ஃப்ளாட்டில் பீரோவுக்கு மேலே பத்திரமாக இருக்கின்றன.

நீங்கள் நினைக்கிற ஃபுட்பால் இல்லை இது, ஆஸ்திரேலியர்களுடையது. பந்து முட்டை வடிவம். கையாலும் பிடிக்கலாம், காலாலும் உதைக்கலாம். ஒரு முனைக்கு நான்கு கம்பங்கள். நடு இரண்டுக்கும் இடையில் போனால் ஆறு பாயிண்ட். பக்கத்து இடைவெளியில் போனால் ஒன்று. குறி தவறியவனுக்கும் ஏதோ கொடுத்தனுப்புகிற தாராளத்தை வேறெந்த ஆட்டத்தில் பார்த்திருக்கிறீர்கள்?

ஆரம்பத்தில் பதினோரு பேர். கிடங்குகளுக்குப் பின்னால் ஒரு மணல் திடல். சைட்டில் மிச்சமான சாரக் குழாய்கள்தான் கோல் கம்பங்கள். ஆபீஸ் கிரிக்கெட்டில் நான் ஸ்கோர் எழுதுவதைப் பார்த்திருந்த கிரஹாம், ஒரு வெள்ளிக்கிழமை வரச் சொன்னார். ஜும்மா முடிந்து போனேன். அப்புறம் ஆறு வருஷம் போய்க்கொண்டே இருந்தேன். முதல் ஆட்டத்தில் மஸ்கட் டீமிடம் படுதோல்வி. நான்காம் வருஷம் அதே டீமை ஜெயித்தோம். அன்றைக்கு என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு திடலைச் சுற்றினார்கள். ஒரு பந்தைக்கூட உதைக்காத என்னை...

பிறகுதான் போன குளிர்காலம் வந்தது. பண நெருக்கடியில் கிரேன்கள் பாதியில் நின்றன. தினமும் யாராவது ஊருக்குக் கிளம்பினார்கள்.

நான் இருப்பது எச்.ஆர். பிரிவில். ஒரு வியாழக்கிழமை, மும்பைக்காரரான என் மேனேஜர் ஒரு பட்டியலைக் கொடுத்து, முப்பத்தெட்டுப் பேருக்கும் வேலை நீக்கக் கடிதம் அடிக்கச் சொன்னார். வெள்ளி, சனி விடுமுறை முடிந்து ஞாயிற்றுக்கிழமைதான் கொடுப்பார்களாம். 'கிஸிகோ மத் போல்னா, பாய்' என்றார். யாரிடமும் மூச்சு விடக்கூடாது.

பட்டியலில் கிரஹாம் பெயர் இருந்தது. ஸ்பெல்லிங்கை இரண்டு தடவை சரிபார்த்து அந்தக் கடிதத்தையும் நான்தான் அடித்தேன்.

மறுநாள் ஆட்டம். எங்கள் டீமில் பாதிப் பேர் ஏற்கெனவே போய்விட்டதால், வந்திருந்த தோஹா டீம் மூன்று ஆட்களைக் கடன் கொடுத்தது. ஆட்டம் தொடங்குவதற்கு முன் கிரஹாம் என்னிடம் வந்து, அடுத்த சீசனுக்குள் கம்பங்களை மாற்றிவிட வேண்டும், இவை துருப்பிடித்துவிட்டன என்றார். நான் தலையாட்டினேன்.

சொல்லியிருக்கலாம். பக்கத்தில் யாரும் இல்லை.

இடைவேளையில் வந்து நோட்டைப் பார்த்தார். ஒரே கோலை இரண்டு தடவை எழுதியிருந்தேன். ஆறு வருஷத்தில் முதல் தப்பு. அவருக்குக் கோபம் வரவில்லை. வீட்டில் ஏதும் பிரச்னையா என்று கேட்டார்.

"குழந்தைக்குக் காய்ச்சல்" என்றேன்.

எப்படி வாயில் வந்தது? தெரியவில்லை. குழந்தை வீட்டில் குதித்துக்கொண்டிருந்தாள்.

"நீ கிளம்பு நசீர். மீதியை நான் எழுதிக்கொள்கிறேன்" என்று நோட்டை வாங்கிக்கொண்டார்.

கிளம்பிவிட்டேன். ஓடிவந்துவிட்டேன் என்பதுதான் சரி.

ஞாயிற்றுக்கிழமை காலை மேனேஜர் அறைக்குள் போன கிரஹாம், பத்து நிமிடத்தில் வெளியே வந்தார். ஒரு கையில் கடிதம், மறு கையில் என் நோட்டு. நேராக என் மேஜைக்கு வந்து நோட்டை வைத்தார். குழந்தைக்கு எப்படி இருக்கிறது என்று கேட்டார்.

பரவாயில்லை என்றேன்.

தலையை அசைத்துவிட்டுப் போனார். எனக்கு முன்பே தெரியும் என்று அவருக்குத் தெரியுமா? இன்றுவரை விடை இல்லை. ஒரு மாதத்தில் விசாவை ரத்து செய்துகொண்டு ஊர் போய்விட்டார். கிளப்புக்கு அடுத்த சீசன் என்று ஒன்று வரவில்லை.

எமிலிக்காக நோட்டுகளை இறக்கி, மூன்று சாயங்காலம் உட்கார்ந்து டைப் அடித்தேன். மனைவியிடம் விஷயத்தை அப்போதுதான் முதல்முறையாகச் சொன்னேன்.

"நீங்க சொல்லியிருந்தா மட்டும் அவர் வேலை நிலைச்சிருக்குமா?" என்றாள்.

"நிலைச்சிருக்காது. ஆனா மத்தவன் சொல்லி அவருக்குத் தெரிஞ்சிருக்காது."



பக்கங்களை ஸ்கேன் செய்தும் அனுப்பினேன். இரண்டே நாளில் எமிலி கேட்டாள் — கடைசி ஆட்டத்தின் பின்பாதி அப்பா கையெழுத்தில் இருக்கிறதே, ஏன்?

இது அல்லவா உண்மையைச் சொல்ல வேண்டிய இடம்? ஒரு மணி நேரம் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தேன். கடைசியில், குழந்தைக்குக் காய்ச்சல், அதனால் என்னை வீட்டுக்கு அனுப்பிவிட்டு உங்கள் அப்பாவே எழுதினார் என்று அடித்து அனுப்பிவிட்டேன்.

உடனே பதில் வந்தது. படித்துவிட்டு அழுதாளாம். அப்பா அப்படிப்பட்டவர்தானாம். புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் இதைப் போடட்டுமா என்று கேட்டிருந்தாள்.

போடுங்கள் என்று எழுதிவிட்டேன்.

எமிலிக்குத் தமிழ் தெரியாது. அந்தத் தைரியத்தில்தான் இதை உங்களிடம் சொல்கிறேன்.