வேட்டியை மடித்துக் கட்டினால் விசில் அடிப்பேன்

இன்று மும்பை செம்பூர் தியேட்டரில் மலையாள அடிதடிப் படம். நரைத்த தாடி ஹீரோ வேட்டியை மடித்துக் கட்டினார். நான் விசில் அடித்தேன்.

பக்கத்து சீட்டில் மாட்டுங்காவில் குடியிருக்கும் சார் ஒருவர், பாலக்காட்டுக்காரர்.

"ஓய், இன்னொரு தடவை அடிச்சா மேனேஜரைக் கூப்பிடுவேன். மலையாளத்துல எத்தனை நல்ல படம் வரது! இந்த வயசுல ஒருத்தன் பத்துப் பேரை அடிப்பானோ?"

"சார்வாள், எனக்கு எழுவது ஆவுது. டெய்லி லோக்கல் டிரெயின்ல பத்துப் பேரைத் தள்ளிட்டுத்தான் தாதர்ல இறங்குதேன். எனக்கு ஒரு பயலும் மியூசிக் போட மாட்டேங்கான். வீட்டுல பல்பு மாட்ட ஸ்டூல்ல ஏறினா, மருமவ 'இறங்குங்க'ங்கா. கெழவன் அடிக்கத இங்கதான் பாக்க முடியுது. விசில் நிக்காது."

இடைவேளைக்குப் பிறகு ஹீரோ மறுபடியும் வேட்டியை மடித்தார். நான் வேண்டுமென்றே கையைக் கட்டிக்கொண்டு சும்மா இருந்தேன்.

சார் மெதுவாகத் திரும்பினார். "என்ன ஓய், அடிக்கலையா?"

"மேனேஜர் வரட்டும்னு இருக்கேன்."

"அவன் கெடக்கான், நீர் அடியும்!"

அடித்தேன். தியேட்டரே திரும்பிப் பார்த்தது.

ஞாயிற்றுக்கிழமை மறுபடியும் போகிறேன். தாராவியிலிருந்து யார் யார் வருகிறீர்கள்? விசிலில் என் பல்செட் பறந்தால் பிடிக்க ஒரு ஆள் வேண்டும்.