சுவரில் மாட்டிய உயில்

இப்போது நினைத்தாலும் வயிறு எரிகிறது. என் பெரியப்பா அந்த உயிலைத் திருடி ஒளித்து வைத்திருந்தால் எங்களுக்கு வீடு கிடைத்திருக்கும். எங்கள் சுவரிலேயே தொங்கியதால் போயிற்று.

முதலியார்பேட்டையில் இருந்த அந்த வீடு தாத்தா சம்பாதித்தது. பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக இருந்தவர். என் அப்பா அவருக்கு முன்பே போய்விட்டார். தாத்தாவைக் கடைசிவரை தூக்கி உட்காரவைத்துச் சோறு ஊட்டியது அம்மாதான். அவர் இறந்த சில நாளில், பத்திரம் எழுதும் நொத்தேர் ஆபீஸிலிருந்து ஓர் ஆள் முத்திரை குத்திய பிரெஞ்சுக் காகிதம் ஒன்றைக் கொடுத்துவிட்டுப் போனார். எனக்கும் அம்மாவுக்கும் பிரெஞ்சு தெரியாது. சொல்தா வீடு என்றால் மெடல் காகிதம் கண்ணாடிக்குள் தொங்கும். இதுவும் அதுதான் என்று நினைத்து அம்மா சட்டம் போட்டு நடுவீட்டில் மாட்டினாள். வெள்ளிக்கிழமைதோறும் அதற்குக் குங்குமம் வைத்தவள் நான். சர்க்கார் ஆபீஸில் பிரெஞ்சு எழுதியே பிழைத்த பெரியப்பா, வரும்போதெல்லாம் அதன் முன்னால் நின்று கன்னத்தில் போட்டுக்கொள்வார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்கள். இந்த மனுஷன் மறைக்கக்கூட இல்லை.

ஊரில் பிரெஞ்சுக் கொடி இறங்கி இந்தியக் கொடி ஏறிய பிறகு அவர் வழக்குப் போட்டார். ஆண் பிள்ளை இல்லாத விதவைக்கு வீட்டில் பங்கு இல்லை, சோறும் துணியும்தான் என்று பழைய மாமூல்படி தீர்ப்பானது.

காலி செய்ய மூட்டை கட்டும்போது அந்தக் கண்ணாடி விரிசல் விட்டது. புதுக்கண்ணாடி போடக் கடைக்கு எடுத்துப் போனேன். கடைக்கார பாய் பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில் படித்தவர்.

"மெடல் காயிதம் இல்லம்மா இது. உங்க தாத்தா எழுதுன உயிலு. பாதி ஊடு உங்கம்மாவுக்குன்னு போட்டிருக்கு," என்றார்.

உயிலோடு வக்கீலிடம் ஓடினோம். அவர் தலையைச் சொறிந்தார். "அப்பீல் கெடு தாண்டிடுச்சு. தீர்ப்பு சொன்ன கோர்ட்டையே திரும்பப் பாக்கச் சொல்லிக் கேக்கலாம். ஆனா எதிராளி ஒளிச்சு வெச்ச பத்திரம் இப்பதான் கெடச்சுதுன்னாதான் பாப்பாங்க. தீர்ப்பு தப்புன்றதுக்காகப் பாக்க மாட்டாங்க."

"தப்புக்குப் பாக்காம வேற எதுக்குப் பாப்பாங்களாம்?" என்று கத்தினேன். அம்மா என் கையைப் பிடித்து அழுத்தினாள்.

வழக்கு என்றால் ஒரு நாள் முடிய வேண்டும், ஆளாளுக்குத் திரும்பத் திரும்பக் கேட்டால் எந்த வீடும் யாருக்கும் நிலைக்காது என்று வக்கீல் பொறுமையாக விளக்கினார். முடியட்டும், யார் வேண்டாம் என்றது? தப்பென்று தெரிந்த பிறகும் முடிந்தது முடிந்ததுதான் என்பதை இன்றைக்கும் என்னால் பொறுக்க முடியவில்லை.

அப்படியும் மனு போட்டோம். கொடி மாறினாலும் கோர்ட்டில் பிரெஞ்சு மாறவில்லை. தீர்ப்பு சொன்ன அதே ஜட்ஜ். அவர் கேட்பதை மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார்.

"இது இத்தினி நாளா எங்க இருந்துச்சுன்னு கேக்கறாரு."

"நடு ஊட்டு செவுத்துல ஐயா," என்றாள் அம்மா.

"யாராவது ஒளிச்சு வெச்சாங்களா?"

"இல்லீங்க. வர்றவங்க போறவங்க எல்லாரும் பாத்தாங்க."

பொய் சொல்லத் தெரியாத ஜென்மம்! பெரியப்பா படித்துப் பார்த்தார் என்று நான் குறுக்கே கத்தினேன். சாட்சி உண்டா என்று கேட்டார்கள். கன்னத்தில் போட்டுக்கொண்டதற்கு நான் எங்கே போய்ச் சாட்சி தேட?

ஜட்ஜ் உயிலை வரி விடாமல் படித்தார். பிறகு ஏதோ சொன்னார்.

"உயிலு உண்மையானதுதானாம்," என்றார் மொழிபெயர்ப்பாளர். "ஆனா உங்க ஊட்டுலயே இருந்தத புதுசா கெடச்சதா எடுத்துக்க முடியாதாம். மனு தள்ளுபடி."

அம்மா கும்பிட்டாள். "உண்மைன்றாரே ஐயா, அப்ப பாதி ஊடு யாருதுன்னு அவரையே கேட்டுச் சொல்லுங்க."

மொழிபெயர்ப்பாளர் அவளைப் பார்த்தார். ஜட்ஜைப் பார்த்தார். அதைப் பிரெஞ்சில் சொல்லாமலே அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்.