போன் இல்லாத பெரிய மனுஷன்

முப்பது வருஷம் கல்லூரியில் தத்துவம் நடத்தி மாணவர்களைத் தூங்கவைத்தவன் நான். ஓய்வு பெற்ற பிறகு தூங்கவைக்க ஆள் இல்லாததால், கைபேசிக்கு எதிராக மேடை மேடையாகப் பேச ஆரம்பித்தேன். என்னிடம் போனே கிடையாது. அந்தத் திமிர் எனக்குக் கொஞ்சநஞ்சமல்ல.

போன மாதம் ஒரு கல்யாண மண்டபத்தில் பேச்சு. இந்தக் கருவி நம் கவனத்தைத் தின்கிறது, மனுஷன் முகத்தை மனுஷன் பார்ப்பதில்லை என்று பொரிந்து தள்ளினேன். "நான் சுதந்திரமானவன்" என்று முடித்ததும் கைதட்டல். முன்வரிசையிலிருந்து ஒரு நெசவாளர் எழுந்தார்.

"சார், போனு இல்லாம, இன்னிக்கு மீட்டிங்குன்னு உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"வீட்ல சொன்னாங்க" என்றேன். மண்டபமே சிரித்தது. கடைசி வரிசையில் என் பேச்சைத் தன் போனில் படம்பிடித்துக்கொண்டிருந்த என் மனைவி மட்டும் சிரிக்கவில்லை.

செவிலிமேட்டில் இருக்கும் எங்கள் வீட்டுக்குத் திரும்பும் பஸ்ஸில் அவள் சொன்னாள்: "அக்காவுக்கு முட்டி ஆபரேஷன் ஆயி ரெண்டு மாசம் ஆவுது. ஒரு நாள்கூட பக்கத்துல இருக்கல. நாளைக்குப் போறேன், பத்து நாள் இருந்துட்டு வரேன்."

"தாராளமா போம்மா. ஆனா கேஸ் புக் பண்ணணும், அடுத்த கூட்டத்துக்கு யாராவது கூப்பிட்டா..."

அக்கா வீடு அமெரிக்காவில் இல்லை, திருப்பருத்திக்குன்றத்தில். அதே ஊர்தான், எங்கள் வீட்டிலிருந்து பஸ்ஸில் அரைமணி நேரம்.

மறுநாள் காலை பையை எடுத்துக்கொண்டு, போனை மேசைமேல் வைத்தாள். "இதுல வர்றதெல்லாம் உங்களுக்குத்தான் வருது. நீங்களே வெச்சுக்குங்க."

உண்மைதான். என் பென்ஷன், என் கண் டாக்டர், என் பழைய மாணவர்கள், என் கூட்டங்கள். கேஸுக்கு ஓடிபி வந்தது. நான் கண்ணாடியைத் தேடி எடுப்பதற்குள் காலாவதியானது. மூன்று தடவை. ஊருக்குத்தான் உபதேசம் என்று என்னையே திட்டிக்கொண்டு அந்த ஓடிபியைத் தேடியபோது, அக்காவும் அவளும் ரெண்டு மாசம் முன்னால் செய்தி அனுப்பிக்கொண்ட பக்கம் திறந்துகொண்டது. அடுத்தவர் கடிதத்தைப் படிக்கக் கூடாது என்று ஒரு பருவம் முழுக்க அறவியல் நடத்தியவன், படித்தேன்.

"நாளைக்கு ஆபரேஷன். பயமா இருக்குதுடி. வந்து கையப் புடிச்சிக்கினு இரு."

"நாளைக்கு இவரு பேச்சு இருக்குதுக்கா. தனியா அனுப்ப முடியாது. முடிச்சிட்டு ஓடியாந்துடறேன்."

அன்றைய தலைப்பு நினைவிருக்கிறது: 'பக்கத்தில் இருப்பவரை மறக்கவைக்கும் கருவி'. கேள்வி நேரம் இருட்டும் வரை நீண்டது. நான்தான் நீட்டினேன். அவள் அதையும் முழுசாகப் படம்பிடித்திருந்தாள்.

எப்படியோ அக்கா எண்ணைத் தேடி அழுத்தினேன். எடுத்தது என் மனைவி.

"சுகர் மாத்திர சாமி அலமாரில இருக்குது பாருங்க" என்றாள், நான் வாய் திறப்பதற்குள்.

"மாத்திரைக்கு இல்லம்மா."

"அப்புறம் எதுக்கு?"

நிஜமாகவே புரியாமல்தான் கேட்டாள்.