கிரேக்கருக்குப் பட்டாபிஷேகம்

தேர்தலில் தோற்றவர்கள் ஸ்ரீரங்கத்தில் நிறையப் பேர் உண்டு. ஆனால் ஜனங்கள் தேங்காய் பழத்தோடு வந்து வாழ்த்திவிட்டு, மறுநாள் ஓட்டுப் போட மறந்துபோய்த் தோற்றவன் எனக்குத் தெரிந்து நான் ஒருவன்தான்.

மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். பட்டாளத்தில் லாரி ஓட்டினேன். யுத்தம் முடிந்து வந்து, அரியமங்கலத்தில் ஒரே ஒரு ஜாக்கியை வைத்து ஒர்க்‌ஷாப் ஆரம்பித்தேன். சில வருஷத்தில், என்னைக் கேட்காமல் எவனும் லாரி எஞ்சினைத் திறக்க மாட்டான் என்ற நிலைமை வந்துவிட்டது. பெருமைக்குச் சொல்லவில்லை, இருந்தது அப்படி. அதற்கு மேல் எனக்கு மிச்சம் இருந்தது, நான் குடியிருந்த ஸ்ரீரங்கத்தில் எங்கள் வார்டு கவுன்சிலர் பதவி ஒன்றுதான். ஐம்பதுகளின் நடுவில் நின்றேன்.

எதிர்த்து நின்றவர் பாத்திரக்கடை முதலாளி. பி.ஏ. படித்தவர். சாக்கடை, வரி என்று எழுதி வைத்துக்கொண்டு மேடையில் வாசிப்பார். எனக்கு அதெல்லாம் வராது. ஆனால் என்னிடம் ஒரு கதை இருந்தது.

யுத்த சமயத்தில் என்னைக் கிரேக்க தேசத்துக்கு அனுப்பினார்கள். மலைப்பாதையில் என் லாரி பனியில் புதைந்தபோது, இரண்டு கோவேறு கழுதைகளோடு ஒருவர் வந்தார். மார்பு வரை தாடி, முரட்டுக் கம்பளி, தோளில் துப்பாக்கி. மலையில் ஒளிந்திருந்து ஜெர்மன்காரர்களை அடித்த கெரில்லாப் படைக்காரர். லாரியை இழுத்துவிட்டு, பாதை திறக்கும் வரை ஒரு வாரம் என்னைத் தன் குகையில் வைத்துக்கொண்டார். அவருக்கு இங்கிலீஷில் இருபது வார்த்தை தெரியும், எனக்குப் பதினெட்டு. அதில் பாதி கெட்ட வார்த்தை. மீதியையும் கையையும் காலையும் வைத்துத் தன் கதை முழுவதையும் சொல்லி முடித்தார். பிரியும்போது, "இனி எலெக்‌ஷன், அப்புறம் புத்தகம்" என்றார். தேர்தலில் நிற்கப் போகிறார், பிறகு தன் கதையை எழுதுவார் என்று புரிந்துகொண்டேன். அதோடு சரி, மறுபடி பார்க்கவில்லை.

அந்தக் கதையைத்தான் சித்திரை வீதி முனையில் ஒன்பது நாள் சொன்னேன். முதல் நாள் அவர் பாலத்துக்கு வெடி வைத்தார். மூன்றாம் நாள் ஆட்டுத்தோலைப் போர்த்திக்கொண்டு மந்தைக்குள் ஒளிந்தார். நாலாம் நாளிலிருந்து பெண்கள் பாயோடு வந்து இடம் பிடித்தார்கள். பாத்திரக்கடைக்காரர் வீட்டம்மாவே முன் வரிசையில் உட்கார்ந்திருந்தார்.

ஒன்பதாம் நாள், ஓட்டுக்கு முந்தின சாயங்காலம், கிரேக்கரைத் தேர்தலில் நிற்க வைத்து ஜெயிக்க வைத்தேன். அப்படிப்பட்ட மனுஷர் நின்றால் தோற்பாரா? கூட்டம் கை தட்டியது. யாரோ பானகம் கரைத்துக் கொண்டுவந்தார்கள். தட்டுத் தட்டாகப் பழம் வந்தது. எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். ஜெயித்துவிட்டேன் என்றே நினைத்துத் தூங்கினேன்.

மறுநாள் ஓட்டுச்சாவடிப் பக்கம் கதை கேட்டவர்கள் யாரையும் காணோம். கோயில் கைங்கர்யக்காரர் ஒருவர் குடையோடு எதிரே வந்தார். ஒன்பது நாளும் வந்து கேட்டவர்.

"சுவாமி, ஓட்டுப் போட வரலீங்களா?"

"இன்னும் என்ன ஓட்டு? அதான் நேத்தே பட்டாபிஷேகம் ஆயிடுத்தே! அந்தக் கிரேக்கன் ஜெயிச்சதுல எங்காத்துல எல்லாருக்கும் பரம சந்தோஷம்."

"நான் ஜெயிக்க வேண்டாமா?"

அவர் குடையைச் சாய்த்து என்னை ஏற இறங்கப் பார்த்தார். "அடடா, நீரும் நின்னீரா?"

தப்பு என்னுடையதுதான். இந்த ஊரில் ராமாயணம் சொன்னால் கடைசி நாள் பட்டாபிஷேகம். பழத்தை வாங்கிக்கொண்டு எழுந்து போவார்கள். அதற்குப் பிறகு யாருக்கும் ஒரு வேலையும் கிடையாது. ஸ்ரீரங்கத்தில் இருந்துகொண்டு இதை மறந்தேன் பாருங்கள்!

அடுத்த தேர்தல் அறுபதுகளில் வந்தது. அதே முதலாளி, அதே வீதி முனை. இந்தத் தடவை கிரேக்கரைச் சட்டசபையில் உட்கார வைத்து, எதிரிகளை விட்டு அவரை ஜெயிலில் போட வைத்து, அங்கே புத்தகம் எழுத வைத்தேன். ஓட்டுக்கு முந்தின சாயங்காலம் எழுந்து நின்று சொன்னேன்: "புத்தகத்துல என்ன எழுதினாருன்னு நான் ஜெயிச்ச மறுநாள் இதே இடத்துல சொல்றேன். தோத்தா, கதையும் என்னோட அரியமங்கலத்துக்கு வந்துடும்."

கூட்டம் கலையவில்லை. நாலு கடை தள்ளித் தன் மேடையில் நின்ற முதலாளிக்குப் பொறுக்கவில்லை. மைக்கைப் பிடித்தார்.

"முடிவுதானே வேணும்? நான் சொல்றேன். அந்த ஆள் ஜெயில்லயே செத்துட்டான். எல்லாரும் வீட்டுக்குப் போங்க!"

முதலில் எழுந்தது பூக்கார அம்மாதான். "ஏங்க, அந்த மனுஷன் உங்களுக்கு என்னங்க பண்ணினாரு? வாய் கூசாம கொன்னுட்டீங்களே!"

போன தேர்தலில் குடையோடு வந்த கைங்கர்யக்காரர் மேடைக்கே போய்விட்டார். "பட்டாபிஷேகம் ஆனவனைக் கொல்றீரே, நீர் என்ன மனுஷன் ஓய்?"

மறுநாள் ஓட்டுச்சாவடி திறப்பதற்கு முன்பே பெண்கள் வரிசையில் நின்றார்கள். நான் ஜெயித்தேன்.

சொன்னபடி வீதி முனைக்குப் போனேன். கிரேக்கர் விடுதலையாகி, புத்தகம் வெளியே வந்தது என்றேன். அதில் முதல் அத்தியாயம் முழுக்க, பனியில் மாட்டிக்கொண்ட ஒரு திருச்சி லாரி டிரைவரைப் பற்றித்தான், அவன் எவ்வளவு கெட்டிக்காரன் என்று எழுதியிருக்கிறார் என்றேன்.

பின்னாலிருந்து முதலாளியின் குரல் வந்தது. "அந்தப் புத்தகத்தை நீங்க பார்த்தீங்களா?"

"பார்த்து என்னங்க பிரயோசனம்? கிரேக்க பாஷையில இருக்கு. எனக்கும் வராது, உங்க பி.ஏ.வுக்கும் வராது."

அவரே சிரித்துவிட்டார். முன் வரிசையிலிருந்து அவர் வீட்டம்மா திரும்பி அதட்டினார்: "நீங்க கொஞ்சம் சும்மா இருங்க." பிறகு என்னைப் பார்த்துக் கேட்டார்: "அந்த லாரி டிரைவருக்கு அப்புறம் என்னங்க ஆச்சு?"

"கவுன்சிலர் ஆயிட்டாருங்க" என்றேன். பானகம் வந்தது.