நாலு லிட்டர் தூரம்

எனக்குக் கிலோமீட்டர் தெரியாது. தெரியாது என்றால், கல்லில் எழுதியிருப்பதைப் படிப்பேன், நம்ப மாட்டேன். எனக்கு ஊர்கள் எல்லாம் லிட்டரில்தான் இருக்கின்றன. திருத்தணியிலிருந்து கே.ஜி.கண்டிகை அரை லிட்டர். என் மனைவி பிறந்த ஆர்.கே.பேட்டை ஒரு லிட்டர். காஞ்சிபுரம் இரண்டு. திருப்பதி மூன்றரை, ஊருக்குள் சுற்றினால் நாலு. யாராவது சென்னை எவ்வளவு தூரம் என்று கேட்டால் "நாலேகால்" என்பேன். கேட்டவர் அதை மணி என்று நினைத்துக்கொண்டு, இந்த மனுஷன் இவ்வளவு மெதுவாகவா ஓட்டுவான் என்று என்னை மேலும் கீழும் பார்ப்பார்.

நாலாம் வகுப்போடு நான் பள்ளிக்கூடத்தை விட்டேன். பள்ளிக்கூடமும் என்னைத் தேடவில்லை. செங்கல் லாரியில் கிளீனராக ஏறினேன். அந்த லாரி முதலாளி டீசலுக்குக் காசைக் கையில் கொடுக்க மாட்டார். எந்த ஊருக்கு லோடு போகிறதோ அந்த ஊருக்கு இத்தனை லிட்டர் என்று கேனில் அளந்து கொடுப்பார். அதனால் டிரைவர்கள் வாயில் ஊர்ப் பேரோடு லிட்டரும் சேர்ந்தே வரும். எனக்கும் அப்படியே வந்துவிட்டது. பிறகு நான் டிரைவர் ஆனேன், சொந்தமாக ஒரு பழைய கார் வாங்கினேன், இன்றைக்கு இரண்டு டூரிஸ்ட் கார் என் பேரில் ஓடுகிறது. வீடு மாடி வீடு.

வாடகைக்கு வருகிறவர்கள் முதலில் கேட்பது டீசல் எவ்வளவு ஆகும் என்பதுதான். மற்ற டிரைவர்கள் செல்போனை எடுத்துப் பெருக்கி வகுத்துக்கொண்டு நிற்பார்கள். நான் வண்டியில் ஏறப்போகிறவர்களை ஒரு பார்வை பார்ப்பேன். எத்தனை பேர், அதில் கனமானவர்கள் எத்தனை பேர், ஏசி கேட்கிற முகமா, வழியில் நாலு இடத்தில் நிறுத்தச் சொல்கிற முகமா, எல்லாம் பார்த்து ஒரே மூச்சில் சொல்லிவிடுவேன். கூட ஆனால் என் கையிலிருந்து போட்டுக்கொள்வேன். அரை லிட்டர் தவறினால் மீசையை எடுத்துவிடுகிறேன் என்று கார் ஸ்டாண்டில் எத்தனையோ முறை பந்தயம் கட்டியிருக்கிறேன். ஒருத்தன்கூட ஜெயித்ததில்லை.

இன்னொரு சட்டமும் எனக்கு உண்டு. ஆந்திராவில் ஒரு சொட்டுகூடப் போட மாட்டேன். நம் ஊருக்கும் அந்தப் பக்கத்துக்கும் லிட்டருக்கு ஏழெட்டு ரூபாய் வித்தியாசம். எல்லைக்கு இந்தப் பக்கம் இருக்கிற கடைசி பங்க்கில் எந்நேரமும் ஆந்திரா நம்பர் வண்டிகள்தான் வரிசையில் நிற்கும். அவர்களே இங்கே வந்து போட்டுக்கொண்டு போகும்போது, இங்கிருந்து போகிறவன் அங்கே போய்ப் போட்டால் அவனை என்னவென்று சொல்வது?

இந்த இரண்டு பெருமையையும் ஒரே காலை நேரத்தில் என் மருமகள் உடைத்தாள். உடைத்ததற்கு நான் இன்றுவரை அவளுக்கு நன்றி சொல்லவில்லை. அதற்குத்தான் இதை எழுதுகிறேன்.

அவள் மணவூர்ப் பெண். கூலி வேலை செய்து அவளைக் கணக்குப் பாடத்தில் பட்டம் வரை படிக்க வைத்தார் அவள் அப்பா. கல்யாணப் பேச்சின்போது அவர் என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்று. "எம்பொண்ணு பரீட்ச எழுதணும்னு ஆசப்படறா. அத மட்டும் தடுத்துடாதீங்க." நானே கொண்டுபோய் விடுகிறேன் என்று எல்லோர் முன்பும் சொன்னேன். மத்திய சர்க்கார் வேலைக்கான அந்தப் பரீட்சையை அவள் இரண்டு முறை எழுதி, இரண்டு முறையும் கொஞ்சத்தில் போயிற்று. இது மூன்றாவது. வயது வரம்பின்படி இதுதான் அவளுக்குக் கடைசி. போட்ட இடமோ திருப்பதியைத் தாண்டி ஒரு கல்லூரி. எட்டரை மணிக்குக் கேட்டை மூடிவிடுவார்கள். ஒரு நிமிடம் தப்பினாலும் உள்ளே விடமாட்டார்கள் என்று நுழைவுச் சீட்டிலேயே போட்டிருந்தது.

அன்றைக்குப் பார்த்து என் வண்டிகளில் ஒன்று வாடகைக்குப் போயிருந்தது, இன்னொன்று கிளட்ச் வேலைக்காக ஒர்க்‌ஷாப்பில் கிடந்தது. மகனுடைய சின்ன பெட்ரோல் கார்தான் வீட்டில். முந்தின நாள் ராத்திரி ஷிப்டுக்குப் போவதற்கு முன் அவன் சொன்னான்:

"நைனா, பெட்ரோல் கம்மியா கீது. போட்டுக்கினு போ."

"கம்பெனி பஸ்ல போறவன் நீ. எனுக்கு வண்டி சொல்லித் தரியா?"

காலையில் சாவியைத் திருகினேன். முள் கால் டேங்குக்குக் கொஞ்சம் கீழே நின்றது. அந்த இடத்தில் நின்றால் பத்து லிட்டர் என்று எனக்குத் தெரியும். போக நாலு, வர நாலு, மீதி இரண்டு. மனைவி வாசல்வரை வந்து, "இன்னாங்க, புள்ள சொன்னானே, பெட்ரோல் போட்டுக்கினு போங்க" என்றாள்.

"ரெண்டு லிட்டர் மிச்சமாவுது. அத ஊறுகா போடறதா?"

"பரீட்ச எழுதப்போறது அவ. நீங்க கணக்கு போட்டுக்கினு கீறீங்க" என்று சொல்லிவிட்டு மருமகள் நெற்றியில் விபூதி வைத்து அனுப்பினாள்.

ஆறரைக்குக் கிளம்பினோம். மருமகள் முன்சீட்டில் உட்கார்ந்து நோட்டில் குறிப்புகளைப் புரட்டிக்கொண்டே வந்தாள். அவள் வியர்க்காமல் படிக்க வேண்டும் என்று ஏசியைப் போட்டேன். எல்லை பங்க்கில் வழக்கம்போல ஆந்திரா வண்டிகள் வரிசை. எனக்குச் சிரிப்பு வந்தது.

"பாத்தியாம்மா? அவன்லாம் நம்ம ஊர்ல வந்து வாயத் தொறந்துகினு நிக்கிறான்."

"ஆங் மாமா" என்றாள், தலையைத் தூக்காமல்.

நகரி தாண்டும் முன்பே முள்ளுக்குப் பக்கத்தில் மஞ்சள் விளக்கு ஒன்று எரிந்தது. அவள்தான் முதலில் பார்த்தாள்.

"மாமா, லைட்டு எரியுதே."

"இந்தக் காலத்து வண்டில கதவத் தொறந்தாலும் லைட்டு எரியும், மூடுனாலும் எரியும். நீ படிம்மா."

அவள் படித்தாள். ஆனால் பக்கம் திரும்பவே இல்லை. நோட்டின் கடைசிப் பக்கத்தில் ஏதோ எழுதினாள், அடித்தாள், மறுபடி எழுதினாள். புத்தூரைத் தாண்டியதும் பேனாவை மூடினாள்.

"மாமா, ஒண்ணு கேக்கட்டா? கோச்சிக்கக்கூடாது."

"கேளு."

"நாலு லிட்டர் நாலு லிட்டர்னு சொல்றீங்களே. அது எந்த வண்டி லிட்டரு?"

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "லிட்டர்ல இன்னாம்மா எந்த வண்டி? லிட்டர்னா லிட்டர்தான். பாலுக்கும் அதான், டீசலுக்கும் அதான்."

சொன்னது வாய். அதைக் கேட்டது காது. இரண்டும் சேர்ந்து மூளைக்குப் போய்ச் சேர ஒரு பர்லாங் தூரம் பிடித்தது. டீசலுக்கும் அதுதான். ஆனால் நான் ஓட்டிக்கொண்டிருப்பது டீசல் வண்டி இல்லையே!

அவள் நோட்டை என் பக்கம் திருப்பி, பள்ளிக்கூடத்தில் சொல்வதுபோல இல்லாமல், வீட்டில் உப்பு தீர்ந்துவிட்டது என்று சொல்வதுபோலச் சொன்னாள். "ஒங்க வண்டி டேங்கு பெருசு மாமா. அதுல முள்ளு அங்க நின்னா பத்து லிட்டர். இது இருபத்தெட்டு லிட்டர் டேங்குதான். கெளம்பறப்போ அஞ்சுதான் இருந்திருக்கும். ஒங்க வண்டி லிட்டருக்கு இருபது குடுக்கும். இது ஏசி போட்டா பன்னெண்டு. இதுவரிக்கும் நாப்பத்தஞ்சு கிலோமீட்டர் வந்துட்டோம். இன்னும் பதினஞ்சு போவும். காலேஜு முப்பத்தஞ்சு கீது."

அரை லிட்டர் தவறினாலே மீசை என்று பந்தயம் கட்டுகிறவன் நான். அன்றைக்குப் பாதிக்குப் பாதி தவறியிருந்தேன். வழியில் இரண்டு மூன்று ஆந்திரா பங்க்குகளைப் பார்த்து இளக்காரமாகச் சிரித்துக்கொண்டு வேறு வந்திருந்தேன். ஏசி ஓடியும் முதுகு நனைந்தது.

"ஏசிய நிறுத்திடலாம் மாமா" என்றாள். நிறுத்தினேன். கண்ணாடியை இறக்கியதும் அவளுடைய தாள்கள் பறந்தன. எல்லாவற்றையும் பொறுக்கித் தொடைக்கு அடியில் வைத்து அவற்றின் மேலேயே உட்கார்ந்துகொண்டாள்.

அடுத்து வந்த பங்க்கில் காரைத் திருப்பினேன். வாசலில் கயிறு கட்டியிருந்தது. உள்ளே டேங்கர் லாரி நின்றது. என் வயதை ஒட்டிய ஒருவர் கயிற்றுக்கு அந்தப் பக்கமிருந்து கையை ஆட்டினார்.

"லோடு திகுதோந்தி நைனா. அரகண்ட்டா ஆகாலி."

லோடு இறங்கி முடிகிறவரை பெட்ரோல் போடமாட்டார்கள். அரைமணி நேரம் நிற்க வேண்டும். மணி ஏழரை. அரைமணி நின்றால் எட்டு. அங்கிருந்து திருப்பதி நெரிசலைத் தாண்ட முக்கால் மணி. இந்தக் கணக்குக்கு எனக்கு லிட்டர் தேவைப்படவில்லை. இறங்கி ஓடி, எனக்குத் தெரிந்த தெலுங்கில், மருமகளுக்குப் பரீட்சை, எட்டரைக்குக் கேட்டை மூடிவிடுவார்கள் என்று சொன்னேன். நுழைவுச் சீட்டைக் காட்டினேன்.

அவர் சீட்டைப் படிக்கவில்லை. காரில் தாள்களின் மேல் உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தார். செல்போனை எடுத்து யாரையோ கூப்பிட்டு வேகமாகப் பேசினார். பத்து கிலோமீட்டரில் இன்னொரு பங்க் இருக்கிறது, அங்கே பெட்ரோல் இருக்கிறதா என்று கேட்டுவிட்டேன், இருக்கிறது என்றார். "போண்டி, போண்டி" என்று, போங்கள் போங்கள் என்று, தெலுங்கில் விரட்டினார். நான் போய் அங்கே ஏமாறக்கூடாது என்று, பேரும் ஊரும் தெரியாத ஒரு மனுஷன் போன் போட்டுக் கேட்டார். அவருக்கு என்னால் என்ன லாபம்? அவர் பங்க்கில் ஒரு சொட்டுகூட நான் வாங்கவில்லை.

காரில் ஏறி ஸ்டீயரிங்கைப் பிடித்துக்கொண்டு மருமகளைப் பார்த்தேன்.

"போலாமாம்மா?"

இத்தனை வருஷத்தில் வண்டியில் ஏறியவர்கள் என்னை அப்படிக் கேட்டிருக்கிறார்கள். நான் யாரையும் கேட்டதில்லை. அவள் நோட்டைப் பார்க்காமலே சொன்னாள்.

"பத்துதான மாமா? போவும். அறுவதுலயே போங்க. எண்பது வாணாம்."

அறுபதிலேயே போனேன். முட்டையை மிதிப்பதுபோல ஆக்சிலேட்டரை மிதித்தேன். பின்னால் வந்தவன் எல்லாம் ஹாரன் அடித்துத் திட்டிக்கொண்டு முந்திப் போனான். முந்திப் போகிறவனைப் பார்த்துக்கொண்டு பேசாமல் இருந்தது என் வாழ்க்கையில் அந்தப் பத்து கிலோமீட்டர்தான். ஒரு மேட்டில் வண்டி ஒரு தடவை இருமியது. நாங்கள் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்ளவில்லை. நான் திருத்தணி மலை இருக்கிற பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு போகிறேனே என்று மனசுக்குள் முருகனிடம் மன்னிப்புக் கேட்டேன். மேடு ஏறியதும் பங்க்கின் கூரை தெரிந்தது.

அங்கே ஒரு பெண் குழாயைக் கையில் பிடித்துக்கொண்டு தயாராக நின்றாள். வரிசையில் நின்ற இரண்டு ஆட்டோக்களை ஒதுங்கச் சொல்லி எங்களை உள்ளே விட்டாள். முந்தைய பங்க்காரர் இதையும் போனில் சொல்லியிருக்கிறார். எவ்வளவுக்கு என்று கேட்டாள். "ஃபுல்" என்றேன். ஆந்திராவில் அந்த வார்த்தையை நான் சொன்னது அன்றைக்குத்தான். இருபத்தேழரை லிட்டருக்கு மேல் உள்ளே போயிற்று. இருபத்தெட்டு லிட்டர் டேங்கில் மீதி எவ்வளவு இருந்தது என்று தெரிந்துகொள்ள நாலாம் வகுப்பே போதும்.

டீக்கு வைத்துக்கொள் என்று கொஞ்சம் காசு நீட்டினேன். அந்தப் பெண் வாங்கவில்லை. நன்றாக எழுதச் சொல்லுங்கள் என்று தெலுங்கில் சொல்லி மருமகளைப் பார்த்துச் சிரித்தாள்.

கல்லூரி வாசலுக்கு எட்டு இருபதுக்கு வந்தோம். அங்கே நகை எதுவும் கூடாதென்று பெண்களை எல்லாம் நிறுத்திக் கழற்றச் சொன்னார்கள். மருமகள் நின்ற இடத்திலேயே தோடு, மூக்குத்தி, கொலுசு, மெட்டி எல்லாவற்றையும் கழற்றிக் கைக்குட்டையில் முடிந்து என் கையில் வைத்தாள். தாலியை மட்டும் விட்டார்கள்.

"வெச்சிக்கோங்க மாமா" என்று சொல்லிவிட்டு ஓடினாள்.

சரியாக எட்டரைக்குக் கேட்டை இழுத்துச் சாத்தினார்கள். சாத்திய பிறகு ஆட்டோவில் வந்து இறங்கிய ஒரு பெண் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அவளோடு வந்தவர் அவள் அப்பாவாக இருக்க வேண்டும். யாரையும் திட்டவில்லை, வாட்டர் பாட்டிலைக் கையில் பிடித்துக்கொண்டு சும்மா நின்றார். நான் நிற்க வேண்டிய இடம் அது. மணவூருக்குப் போய் என் சம்பந்தி முகத்தை நான் எப்படிப் பார்த்திருப்பேன்? என்னை யாரும் தூக்கிவிடவில்லை, நானாகவே வந்தேன் என்று கார் ஸ்டாண்டில் சொல்லிக்கொண்டு திரிந்தவன் நான். அன்றைக்குக் காலையில் மட்டும் மூன்று பேர் என்னைத் தூக்கிவிட்டிருக்கிறார்கள். அதற்கு முன்னால் எத்தனை பேரோ, நான் எண்ணவே இல்லை.

முதல் கட்டத்தில் அவள் தேறிவிட்டாள். ஊர் முழுக்க அதைச் சொன்னவன் நான்தான். இப்போது இரண்டாம் கட்டத்துக்குப் படித்துக்கொண்டிருக்கிறாள். அதற்கு எங்கே போட்டாலும் நான்தான் ஓட்டுவேன். எரிபொருள் கணக்கு அவளுடையது.

அன்றைக்கு மதியம் வெளியே வந்தவள் நேராக என்னிடம் வந்தாள். கேட்டின் எதிரில், காலையில் அவள் விட்ட இடத்திலேயே, நகை முடிச்சு இருந்த சட்டைப் பையை ஒரு கையால் பொத்திக்கொண்டு நின்றிருந்தேன்.

"நல்லா எழுதிக்கீறேன் மாமா. நீங்க எதுனா சாப்டீங்களா?"

"எங்கம்மா சாப்பிடறது? டீ கிளாஸ் ஒரு கைல, பன்னு ஒரு கைல புடிக்கணும். இத யாரு புடிக்கறது?"

அவள் கைக்குட்டையை வாங்கிப் பிரிக்கவில்லை. "மொதல்ல வாங்க, சாப்டலாம்" என்று என்னை இழுத்துக்கொண்டு போனாள்.